இல்லை என்று சொல்லும் நாள்

"பன்னிரண்டு வருஷம் முடிந்துவிட்டது அம்மா. இனி வயல் எனக்கு மட்டும்தானே?" என்று கேட்டார் தளவாய்.

ஆற்றங்கரை மடத்து அம்மா அவரைவிட வயதில் இளையவர். காவி கட்டுவதற்கு முன்பு கறுப்பு அங்கி போட்டுக் கோர்ட்டில் வாதாடியவர். தளவாய் அவரிடம் உபதேசம் பெற்றவர். மாலைப் பூசைக்குத் தவறாமல் வருபவர்.

"எந்த நாளிலிருந்து பன்னிரண்டு?"

"அப்பா கண்ணை மூடிய நாளிலிருந்து."

வயல் அப்பாவுடையது. அவர் உயில் எழுதவில்லை. பிள்ளைகள் இருவர்: தளவாயும் அவர் தங்கை கோமுவும். அப்பா போனதிலிருந்து உழுவதும் அறுப்பதும் தளவாய்தான். கோமு ஒரு நாளும் பங்கு கேட்டு வந்ததில்லை.

பன்னிரண்டு வருஷம் வாய் திறக்காதவள் அப்புறம் கோர்ட்டுப் படி ஏற முடியாது என்று டீக்கடையில் யாரோ சொன்னதை அவர் பிடித்துக்கொண்டார். அதை யாரிடமும் சொல்லாமல் காத்திருந்தார்.

அம்மா விளக்குக்குத் திரி திரித்தபடி கேட்டார்.

"பொங்கலுக்குக் கோமுவுக்கு என்ன அனுப்புவீர்கள்?"

"வழக்கமான பொங்கல்படிதான். அரிசி, கரும்பு, ஒரு வாழைத்தார்."

"எந்த அரிசி?"

தளவாய் திரியைப் பார்த்தபடி சொன்னார்.

"அந்த வயல் அரிசிதான்."

"அப்படியானால் அவள் பங்கை நீங்களே ஒப்புக்கொண்டு வருகிறீர்கள். காலம் இன்னும் ஓடவே தொடங்கவில்லை. 'உனக்குப் பங்கு இல்லை' என்று நீங்கள் சொல்ல வேண்டும். அது அவள் காதில் விழ வேண்டும். அன்றைக்குத்தான் பன்னிரண்டுக்கு முதல் நாள்."

"சொன்னால் போதுமா?"

"சொல்லிவிட்டு வாருங்கள்."

அம்மா திட்டுவார் என்று நினைத்துத்தான் அவர் வந்திருந்தார். திட்டாதது என்னவோபோல் இருந்தது.

மறுநாள் காலை கோமுவின் ஊருக்குப் பஸ் ஏறினார். வழியெல்லாம் அந்த ஒரு வாக்கியத்தை மனசுக்குள் சொல்லிப் பார்த்தார். சின்ன வாக்கியம்தான்.

கோமு வாசலிலேயே பிடித்துக்கொண்டாள். வழி மறந்துபோச்சோ, இல்லை அண்ணி விரட்டிவிட்டாளோ என்று கேலி செய்தாள். கிணற்று மோட்டாரைச் சரிபார்த்தாச்சா, வரப்பு மாமரம் இந்த வருஷம் காய்த்ததா என்று விசாரித்தாள். இலை போட்டாள்.

"நம்ம வயல் அரிசிண்ணே. நீங்க வந்தாப் பொங்கணும்னு கொஞ்சம் எடுத்து வச்சிருந்தேன்."

தளவாய் சோற்றைப் பிசைந்தார்.

"கோமு, ஒண்ணு சொல்லணும்."

"சொல்லுங்க."

அவர் இலையில் சோற்றை ஒதுக்கினார். கோமு குழம்பை ஊற்றிக்கொண்டே, தலையை நிமிர்த்தாமல் சொன்னாள்.

"என் மகன் போன மாசம் என்னை வக்கீல்கிட்ட கூட்டிட்டுப் போனான். பாகம் கேட்டு வழக்குப் போடணுமாம். பங்கு இல்லைன்னு உங்க அண்ணன் என்னைக்குச் சொன்னாருன்னு வக்கீல் கேட்டார்."

"நீ என்ன சொன்னே?"

"எங்க அண்ணன் அப்படிச் சொல்லவே இல்லைன்னேன். சொன்னா வாறேன்னுட்டு எந்திரிச்சு வந்துட்டேன்."

தளவாய் கையலம்பப் போனார். நெடுநேரம் அலம்பினார்.

வெயில் சாயும்போது, கடைசி நிறுத்தமான மடத்து வாசலில் பஸ் அவரை இறக்கிவிட்டது. அம்மா விளக்கேற்றிக்கொண்டிருந்தார். தளவாய் கையிலிருந்த குடையைத் தூணில் சாய்த்துவிட்டு எதிரே உட்கார்ந்தார்.

"சொன்னீர்களா?"

"இல்லை அம்மா."

அம்மா அடுத்த திரியைத் தூண்டினார். ஆற்றுப் பக்கமிருந்து காற்று வந்தது. அவர் உள்ளங்கையால் சுடரை மறைத்துக்கொண்டார்.

தளவாய் கேட்டார்.

"கேட்கிறவருக்குச் சட்டம் பன்னிரண்டு வருஷம் தருகிறது. கொடுக்கிறவருக்கு எவ்வளவு காலம் அம்மா?"

அம்மா எழுந்தார். தூணில் சாய்ந்திருந்த குடையை எடுத்து அவர் கையில் கொடுத்தார்.

"நீங்கள் வந்த பஸ் இன்னும் கோமு ஊருக்குத் திரும்பிப் போகவில்லை."