மயிலேறியின் கட்டை விரல்

மணலூர் ராஜா கட்டியப்பருக்குச் சீட்டாட்டத்தில் தீராத ஆசை. ஜெயிக்க மட்டும் வராது. விழுந்த சீட்டை நினைவில் வைப்பது ராஜாக்களுக்கு அழகில்லை என்று அந்தக் குலத்தில் ஒரு வழக்கம். அதற்கென்றே சம்பளத்துக்கு ஓர் ஆளை முதுகுக்குப் பின்னால் நிறுத்தியிருப்பார்கள். அவனுக்கு நினைப்பாளி என்று பெயர். யானை ராஜா சீட்டு விழுந்ததா என்று இவர் கேட்பார், விழுந்தாச்சு மகாராஜா என்று அவன் சொல்வான்.

அதே அரண்மனையில் படக்காரர் ஆவுடையப்பன் இருந்தார். நடந்ததை நடந்தபடி நீளத் துணியில் படமாக எழுதி, சுருளைப் பிரித்துக் காட்டிக் கதை சொல்வது அவர் வேலை. தொழில் சூதாடிகள் எப்படிப் பிழைக்கிறார்கள் என்று எழுதிவரச் சொன்னார் ராஜா. ஆவுடையப்பன் மயிலேறி என்ற சூதாடியோடு சந்தை சந்தையாகத் திரிந்தார். இருவரும் ஒரே இலையில் சாப்பிடும் அளவுக்குச் சிநேகமாகிவிட்டார்கள்.

மயிலேறியையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு சபையில் சுருளை விரித்தார். ஒவ்வொரு படத்திலும் மயிலேறியே ஜெயித்துக்கொண்டிருந்தான். அவனிடம் தன் குதிரையைத் தோற்றிருந்த தளவாய் கருத்தப்பாண்டிக்கு வயிறு எரிந்தது. இவன் விழுந்த சீட்டையெல்லாம் மனசுக்குள் எண்ணி, மிச்சம் யார் கையில் என்று கண்டுபிடிக்கிறான், இது சுத்த மோசடி என்று ராஜாவின் காதில் ஓதினார்.

ராஜாவுக்குக் கோபம் வந்தது. "விழுந்த சீட்டை நினைவில் வைப்பவன் எவனானாலும் அவன் கட்டை விரல் போகும். முதலில் இவன்."

கத்தி வந்தது. கட்டை விரல் இல்லாதவன் சீட்டை விரித்துப் பிடிப்பது எப்படி? தன் படமே சிநேகிதனுக்கு வினையாகிவிட்டதே என்று ஆவுடையப்பன் சுருளைக் கீழே வைத்தார். மெல்ல எழுந்தார். புதுச் சட்டப்படி யோக்கியமான ஆட்டம் எப்படி இருக்கும் என்று மகாராஜாவே இவனோடு ஆடிக் காட்டினால், அதையும் எழுதிச் சுருளை முடித்துவிடுவதாகச் சொன்னார். ராஜாவுக்கு மனசு குளிர்ந்துவிட்டது. ஆட உட்கார்ந்தார்.

பாதி ஆட்டத்தில் வழக்கம்போலத் திரும்பினார். "யானை ராஜா விழுந்ததா?"

நினைப்பாளி இரண்டு கைகளையும் முதுகுக்குப் பின்னால் ஒளித்துக்கொண்டான். "நினைவில்லை மகாராஜா. காலையில் என்ன சாப்பிட்டேன் என்பதுகூட நினைவில்லை."

மந்திரியைக் கேட்டார். மந்திரி உத்தரத்தை அண்ணாந்து பார்த்தார். புரோகிதருக்குத் தன் பெயரே சந்தேகமாகிவிட்டது. சபையில் ஒருவருக்கும் ஒன்றும் நினைவில்லை. ராஜா தலையைச் சொறிந்தார். ஏதோ ஒரு சீட்டை உருவினார்.

பக்கத்தில் நின்ற தளவாய்க்குப் பொறுக்கவில்லை. தன் குதிரையைப் பறித்தவன் மறுபடி ஜெயித்துவிடுவானே!

"ஐயோ, அதைப் போடாதீர்கள் மகாராஜா. யானை ராஜா இன்னும் விழவே இல்லை. அவன் கையில்தான் இருக்கிறது."

ஆவுடையப்பன் தூரிகையை மையில் தோய்த்தார்.

"தளவாய் அவர்களே, அந்தக் கையைக் கொஞ்சம் வெளிச்சத்தில் காட்டுங்கள். கட்டை விரல் இருக்கும்போதே எழுதிவிடுகிறேன்."

ராஜா சிரித்த சிரிப்பில் கைச்சீட்டெல்லாம் சிதறின. சட்டம் அங்கேயே ரத்தானது. படக்காரருக்குப் பட்டுச் சால்வை கிடைத்தது. மயிலேறிக்கு அவன் விரலே பரிசு.