வெண்கரையின் நீலப் பீடம்

அந்தக் காலத்தில் பென்குயின்களுக்கு ஓர் அரசன் இருந்தான். இப்போது இல்லை. கடலும் நிலமும் ஒன்றாக உறைந்து கிடந்த வெண்கரை என்ற நாட்டில், பறவைகளின் பேச்சைக் காற்றும் கேட்ட நாளில் நடந்தது இது.

வெண்கரையின் நடுவில் நீலநிறப் பனியால் ஆன பீடம் ஒன்று இருந்தது. யார் செய்து வைத்தது என்று யாருக்கும் தெரியாது. அதில் ஏறி உட்காருபவன்தான் அரசன். அவன் நில் என்றால் காற்று நின்றுவிடும். பனிதான் என்றாலும், உட்கார்ந்தவனுக்கு மார்கழிக் காலையில் வெயில் காய்கிற சுகமாக இருக்கும். ஒரே ஓர் ஆளை, அவன் முட்டையோடு, அது தாங்கும். இன்னொருவர் சேர்ந்து ஏறப் பார்த்தால் சறுக்கவிட்டுக் கீழே தள்ளிவிடும்.

அப்போது பீடத்தில் இருந்தவன் பெயர் உதியன். கெட்டவன் இல்லை. கதையில் அரசன் வந்தாலே கெட்டவனாக்கிவிடுகிறோம், அதனால் இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பன்னிரண்டு குளிர்காலம் ஆண்டான். ஒருநாளும் காற்றை யார்மேலும் ஏவவில்லை. அவன் முன்னால் மற்றவர்கள் உட்காரக் கூடாது, ஒருவரை ஒருவர் உரசி நிற்கக் கூடாது, ஒரு சிறகு இடைவெளி விட்டு வரிசையாக நிற்க வேண்டும் என்று ஒரு மரியாதை இருந்தது. அதுவும் அவன் வைத்த மரியாதை இல்லை.

குளிர்காலம் தொடங்கியதும் தாய்மார்கள் முட்டையிட்டுத் தகப்பன்களிடம் ஒப்படைத்துவிட்டு இரை தேடிக் கடலுக்குப் போய்விடுவார்கள். தகப்பன்கள் முட்டையைப் பாதத்தின் மேல் ஏற்றி, வயிற்று மடிப்பால் மூடி, நின்றபடியே அடைகாப்பார்கள். வருடா வருடம் சிலர் நின்ற இடத்திலேயே விறைத்துப்போனார்கள். குளிர் தாங்க முடியவில்லை என்று யாராவது முறையிட்டால் உதியன் பரிவோடு கேட்டுக்கொள்வான். "காத்தைத்தான் நிறுத்தியாச்சேப்பா. அவ்வளவு குளிர் இல்லையே" என்பான். அவன் பொய் சொல்லவில்லை. அவனுக்குக் குளிரவில்லை.

பதின்மூன்றாவது குளிர்காலத்தில்தான் உதியனுக்கு முதல் முட்டை கிடைத்தது. அவன் மனைவி ஆம்பல் அத்தனை வருடம் காத்திருந்து இட்ட முட்டை. அவள் கடலுக்குக் கிளம்பும்போது இரண்டு முறை திரும்பி வந்து பார்த்தாள். "நீங்க பீடத்தை விட்டு மட்டும் எறங்கிடாதீங்க" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

அந்த வருடம் குளிர் முடியவே மாட்டேன் என்றது. ஒருநாள் பீடத்துக்குக் காவல் நின்ற சேந்தன் வரிசையை விட்டு முன்னால் வந்தான். அப்படி யாரும் வந்ததில்லை. மற்றவர்கள் முணுமுணுத்தார்கள்.

"அரசே, என் முட்டைக்குள்ள அசைவு நின்னுபோச்சு. கொஞ்ச நேரம் உங்க எடத்துல வச்சுக்கிட்டா பொழைச்சுக்கும்" என்றான்.

அரசன் பீடத்தை விட்டு இறங்குவது வழக்கமில்லை என்று பலரும் சொன்னார்கள். ஆம்பல் சொன்னதும் நினைவில் இருந்தது. ஆனாலும் உதியனுக்கு மனசு கேட்கவில்லை. போன வருடமாக இருந்தால் நாலு வார்த்தை ஆறுதல் சொல்லி அனுப்பியிருப்பான். இப்போது அவனுக்கும் ஒரு முட்டை இருந்தது. அதை அணைத்துக்கொண்டு இறங்கினான். சேந்தன் ஏறி உட்கார்ந்தான்.

பழக்கமில்லாத பாதத்தில் முட்டையை ஏற்றி வைக்கவே உதியனுக்கு நேரம் பிடித்தது. பிறகு குளிர் தெரிந்தது. இதுதான் எல்லாரும் சொன்ன குளிர்போல என்று முதலில் நினைத்தான். கொஞ்ச நேரத்தில் அது வேறு என்று புரிந்தது. வெளியிலிருந்து எதுவும் அவன்மேல் ஏறவில்லை. அவனுடைய சூடுதான் பாதம் வழியாக இறங்கிப் பீடத்தை நோக்கி ஓடிக்கொண்டிருந்தது. பீடத்துக்கென்று சொந்தச் சூடு கிடையாது. சுற்றி நின்ற ஒவ்வொருவரிடமிருந்தும் உறிஞ்சித்தான் அது உட்கார்ந்தவனுக்குக் கொடுத்திருக்கிறது. விறைத்துப்போனவர்களின் முகங்கள் ஒவ்வொன்றாக அவனுக்கு நினைவுக்கு வந்தன.

"சேந்தா, எறங்கிடு" என்றான்.

சேந்தன் கண்ணை மூடியிருந்தான். அவன் முட்டைக்குள் குஞ்சு மறுபடி அசையத் தொடங்கியிருந்தது. "இன்னும் கொஞ்ச நேரம் அரசே. இப்ப அவ்வளவு குளிர் இல்லையே" என்றான்.

உதியனுக்குக் கோபம் வரவில்லை. அவனே பன்னிரண்டு வருடமாகச் சொன்ன வார்த்தைதான் அது. குனிந்து தன் உடம்பு முழுவதையும் முட்டைமேல் கவித்துக்கொண்டு, "என் முட்டை ஆறுது சேந்தா" என்றான்.

அதைக் கேட்டதும் சேந்தன் கண் திறந்து, பதறிக் கீழே குதித்தான். அதற்குள் உதியனின் முட்டை ஓட்டில் மெல்லிய கோடு ஒன்று விழுந்திருந்தது. உதியன் அதில் காது வைத்துக் கேட்டான். வெகுநேரம் கேட்டான். பிறகு நிமிர்ந்தான்.

சேந்தன் அழுதான். ஏறிக்கொள்ளுங்கள், ஏறினால் சரியாகிவிடும் என்று கெஞ்சினான். உதியன் மாட்டேன் என்று தலையசைத்தான்.

"நான் ஏறினா அடுத்து உன்னோடது போகும். அது என்ன செய்யுதுன்னு இப்பத்தான் எனக்குத் தெரியும். இனி யாரும் அதுல உக்கார வேண்டாம்."

ஆள் இல்லாத பீடம் வெறும் பனியாக வெளுத்துப் பிளந்து கடலுக்குள் இறங்கியது. அதுவரை கட்டுப்பட்டிருந்த காற்று, கேட்பார் இல்லாமல் ஓலமிட்டு வந்தது. மரியாதையெல்லாம் போதும், ஒட்டி நில்லுங்கள் என்று உதியன் கத்தினான். பழக்கம் இல்லாததால் முதலில் கூச்சப்பட்டார்கள். பிறகு முதுகும் மார்பும் உரச நெருங்கினார்கள். இத்தனை வருடம் பறிபோன சூடு அவர்களுக்குள்ளேயே நின்றது. அரசனை நடுவில் விட வழி ஒதுக்கினார்கள். "நான் நடுவுல இருந்தது போதும்" என்று அவன் காற்றடிக்கும் ஓரத்துக்குப் போய் நின்றான். நடுவில் இருந்த சேந்தன், உடம்பு சூடேறியதும், யாரும் சொல்லாமலே வெளியே வந்து, உதியனுக்கு முன்னால் காற்றை மறைத்து நின்று, அவனைத் தோளால் உள்ளே தள்ளினான்.

குளிர் முடிந்து தாய்மார்கள் திரும்பியபோது, தகப்பன்களின் வயிற்று மடிப்பிலிருந்து குஞ்சுகள் தலைநீட்டின. சேந்தனின் குஞ்சும் நீட்டியது. ஆம்பல் தன் கணவனைத் தேடிக் கண்டுபிடித்தாள். அவன் பாதத்தின் மேல் ஒரு பனிக்கட்டி இருந்தது. வெறும் காலோடு நிற்க முடியாமல், முட்டையளவு கட்டி ஒன்றை ஏற்றி, வயிற்று மடிப்பால் மூடி, மீதிக் குளிர்காலம் முழுக்க அப்படியே நின்றிருக்கிறான். ஏன் இறங்கினீர்கள் என்று அவள் கேட்கவில்லை. சுற்றிலும் இருந்த குஞ்சுகளைப் பார்த்தாள். பிறகு அவன் பக்கத்தில் ஒட்டி நின்றுகொண்டாள்.

அன்று முதல்தான் பென்குயின்களுக்கு அரசன் இல்லை. நடுவில் நிற்பவன் கொஞ்சம் சூடேறியதும் தானே ஓரத்துக்கு வந்துவிடுவதும், முட்டையை இழந்த தகப்பன் ஒரு பனிக்கட்டியைப் பொத்திக்கொண்டு நிற்பதும் அன்று முதல்தான். அது பனிக்கட்டி என்று எல்லாருக்கும் தெரியும். இருந்தும் அவன் முறை வரும்போது அவனையும் நடுவுக்கு விடுகிறார்கள்.