தும்பி ஏன் தண்ணீரைத் தட்டுகிறது

தும்பிகளுக்குக் காது இருந்த காலம் அது. தும்பிக்கு ஏது காது என்று குறுக்கே கேட்காதீர்கள். இருந்தது. காது இருந்ததால் காதுகுத்தும் இருந்தது. காதுகுத்து இருந்ததால்தான் இந்த வம்பே வந்தது.

அப்போது உலகமும் இரண்டு. குளத்துத் தண்ணீருக்கு மேலே ஒன்று, கீழே ஒன்று. இங்கே மருதமரம் நின்றால் அங்கேயும் ஒரு மருதமரம். இங்கே கொக்கு நின்றால் அங்கேயும் ஒரு கொக்கு. தண்ணீரில் நிழல் தெரிகிறது என்கிறோமே, அது நிழல் இல்லை, அந்த ஊர். இரண்டு ஊருக்கும் பெண் கொடுத்துப் பெண் எடுக்கும் பழக்கம்கூட உண்டு.

போக வர வழி? குளத்தின் நடுப்பாறையில் நல்லபெருமாள் என்ற நண்டு ஒரு கோணக்கண்ணாடி வைத்திருந்தது. காலை வெயிலை அதில் வாங்கிக் கொஞ்சம் சாய்த்தால் போதும், வெளிச்சம் வளைந்து தண்ணீருக்குள் இறங்கி அடுத்த உலகம் வரைக்கும் பாதை போட்டுவிடும். அதில் ஏறி நடக்க வேண்டியதுதான். ஒரே ஒரு நிபந்தனை, வெறும் ஆளாக ஏற வேண்டும். சுமை ஏறினால் வெளிச்சம் தொய்யும், தொய்ந்தால் கண்ணாடி தெறித்துவிடும்.

கீழ் ஊரில் பிறந்து மேல் ஊருக்கு வாழ்க்கைப்பட்டவள் சுடலி என்ற தும்பி. அவள் மகளுக்கு அன்றைக்குக் காதுகுத்து. தாய்மாமன் மடியில் உட்கார்த்தித்தான் காது குத்த வேண்டும். அந்தத் தாய்மாமன், சுடலியின் அண்ணன் மாடக்கண்ணு, கீழ் ஊரில் இருந்தான். வெயில் உச்சிக்கு ஏறுவதற்குள் அவன் வராவிட்டால் வேறு யார் மடியிலாவது பிள்ளையை உட்கார்த்திவிடுவோம் என்று பேச்சு கிளம்பிவிட்டது.

"ஏன் மதினி, உங்க அண்ணனுக்கு வழி தெரியலையோ, இல்ல வர மனசில்லையோ?" என்றாள் நாத்தனார்.

சுடலிக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. கேட்க நாதியில்லாதவள் என்று ஒரு பேர் விழுந்துவிட்டால் அப்புறம் அந்த வீட்டில் தலை நிமிர்ந்து நடக்க முடியுமா?

கீழ் ஊரில் மாடக்கண்ணு வேறு பாடு பட்டுக்கொண்டிருந்தான். தங்கச்சி வீட்டுக்கு வெறுங்கையோடு எப்படிப் போவது? ஏழு தட்டுச் சீர் எடுத்து வைத்திருந்தான்.

"ஒண்ணும் தூக்கிட்டு வரக்கூடாதுன்னு நண்டு சொல்லியிருக்குல்ல?" என்றாள் அவன் பெண்டாட்டி.

"நண்டுக்கு என்ன தெரியும்? அதுக்குத் தங்கச்சி இருக்கா?"

மனசைக் கல்லாக்கிக்கொண்டு ஏழு தட்டையும் குறைத்தான். தேங்காய் ஒன்றைத் தலைப்பாகைக்குள் வைத்தான். வெல்லத்தை மடியில் கட்டினான். தங்கச்சிக்கு எடுத்த சீலையை வயிற்றில் சுற்றி அதன்மேல் வேட்டியைக் கட்டினான். மருமகளுக்குச் செய்த தங்கத் தோட்டைக் கன்னத்துக்குள் ஒதுக்கிக்கொண்டான்.

பாதை வந்து இறங்கும் இடத்தில் நின்றவனை, பாறைக்கு அடியில் தண்ணீருக்குள் தலையை நீட்டி நண்டு ஏற இறங்கப் பார்த்தது.

"கையைக் காட்டு."

காட்டினான். இரண்டு கையும் சுத்தம்.

"வயிறு ஏன் இப்படி ஊதிக் கிடக்கு?"

"ம்ம்," என்றான் மாடக்கண்ணு. வாயில் தோட்டை வைத்துக்கொண்டு வேறு என்ன சொல்வான்?

"விருந்துக்கு முன்னாடியே சாப்பிட்டாச்சு போல," என்று நண்டு கண்ணாடியைச் சாய்த்தது.

பாதி தூரம்வரை ஒன்றுமில்லை. அதன்பிறகு ஈரத்துணி போட்ட கொடி மாதிரி பாதை தொய்ந்தது. கண்ணாடியில் கீறல் விழுந்தது. நண்டுக்கு விஷயம் புரிந்துவிட்டது.

"அடப்பாவி, என்னத்தடா கொண்டாந்தே? எல்லாத்தையும் கீழே போடு."

மாடக்கண்ணு தேங்காயைப் போட்டான். வெல்லத்தைப் போட்டான். சீலையையும் அவிழ்த்துப் போட்டான். தோட்டை மட்டும் போட மனசு வரவில்லை. கடுகளவு தோடுதான். அந்தக் கடுகளவைக் கண்ணாடி தாங்கவில்லை. படாரென்று தெறித்தது.

அந்தக் காலத்துத் தும்பிச் சிறகு பாக்குமட்டை மாதிரி பழுப்பாக, கெட்டியாக இருக்கும். கரையில் நின்ற சுடலி எதையும் யோசிக்காமல், கண்ணாடிச் சில்லுகள் பறக்கிற நடுவே அந்தச் சிறகோடு பாய்ந்து தண்ணீருக்குள் வாலை விட்டாள்.

"அண்ணே, பிடிச்சுக்கோ."

பிடித்தான். இழுத்துக் கரையில் போட்டாள். தொப்பலாக நனைந்து கிடந்த மாடக்கண்ணு முதலில் தோட்டைத் துப்பினான், பிறகுதான் இருமினான்.

"சீரு கொஞ்சம் குறைச்சல் தாயி. தப்பா நினைச்சுக்காதே."

சுடலி சிரித்தாள், அழுதாள், மறுபடி சிரித்தாள். நாத்தனார்கூட மூக்கை உறிஞ்சிக்கொண்டு, "அண்ணன்னா இப்படி இருக்கணும்," என்று தன் அண்ணனை, அதாவது சுடலியின் புருஷனை, திரும்பி ஒரு முறை முறைத்தாள்.

வெயில் உச்சிக்கு வரும் முன்னே பிள்ளை மாமன் மடியில் உட்கார்ந்து, காது குத்தி, ஊரைக் கூட்டி அழுது, வெல்லம் இல்லாததால் தேனை நக்கிச் சமாதானமானது. விருந்தும் முடிந்தது. அப்புறம்தான் திரும்பிப் போக வழி இல்லையே என்று மாடக்கண்ணுக்கு உறைத்தது.

நண்டு குளம் முழுக்கச் சில்லுகளைத் தேடியது. ஒன்றுகூட அகப்படவில்லை. எல்லாம் சுடலியின் நாலு சிறகிலும் பதிந்திருந்தன. பழுப்பெல்லாம் போய், சிறகுக்கு அந்தப்பக்கம் இருக்கிற மரம் தெரிந்தது. அவள் அதை வெயிலில் விரிக்கவும், வெளிச்சம் வளைந்து ஒல்லியாக ஒரு பாதை தண்ணீருக்குள் இறங்கியது.

"இந்தத் தடவையாவது வெறும் ஆளா போ," என்றது நண்டு.

மாடக்கண்ணு வாயைத் திறந்து காட்டிவிட்டு இறங்கினான். பத்திரமாகப் போய்ச் சேர்ந்தான். பாதை அணைந்தது.

சுடலி திரும்பிப் பார்த்தால், தாம்பூலத் தட்டு வைத்தது வைத்தபடி இருக்கிறது. உயிரைக் கொடுத்து வந்த அண்ணனுக்கு ஒரு வெற்றிலை பாக்குக்கூடக் கொடுக்காமல் அனுப்பிவிட்டாள். பதறிப்போய்ப் பறந்து வாலால் தண்ணீரைத் தட்டினாள்.

"அண்ணே, கொஞ்சம் நில்லு. வெத்தல பாக்கு வாங்கிட்டுப் போ."

நண்டு தலையில் அடித்துக்கொண்டு வளைக்குள் போய்விட்டது.

அன்றைக்குத் தட்ட ஆரம்பித்ததுதான், தும்பிகள் இன்னும் விடவில்லை. வெயில் அடிக்கிற நேரம் ஏதாவது ஒரு குளக்கரையில் நின்று பாருங்கள். கண்ணாடிச் சிறகோடு ஒரு தும்பி தண்ணீரை வாலால் தொட்டுத் தொட்டு எடுக்கும். ஒவ்வொரு தடவையும் கீழேயிருந்து இன்னொரு தும்பி ஏறி வந்து, அதே இடத்தில் வாலைத் தொடும். மேலே இருப்பவள் தங்கச்சி, கீழே இருப்பவன் அண்ணன். கூப்பிட்டு ஒருமுறைகூட அவன் வராமல் இருந்ததில்லை.