செங்கோடன் தோப்புக்கு மேலே போன வாய்க்கால்

முன்னொரு காலத்தில், பெயரைச் சொன்னால் இன்றைக்கும் யாராவது சண்டைக்கு வருவார்கள் என்பதால் நான் பெயர் சொல்லாத ஒரு நாட்டில், ஒரு ராஜா இருந்தார். ஆள் கெட்டவர் இல்லை. ஆனால் ஆசை வந்துவிட்டால் யோசனை போய்விடும். ஒரு நாள் வேட்டைக்குப் போனவர் மலைச்சுனையில் முங்கிக் குளித்தார். அவ்வளவுதான். இனிமேல் தினமும் அந்தத் தண்ணீரில்தான் குளிப்பேன் என்று பிடிவாதமாக உட்கார்ந்துவிட்டார்.

அமைச்சர் மழவராயருக்கு இந்த மாதிரி ஆசைகள் என்றால் வெல்லம். வரப்போரமாக உயரமான கம்பங்களை நட்டு, பிளந்த மூங்கிலைக் கோத்து, மலையிலிருந்து அரண்மனைக்கு வானத்திலேயே ஒரு வாய்க்கால் கட்டினார். ஊர் ஊராகத் தண்டோராவும் போட்டார். கீழே இருக்கும் நிலம் உங்களுடையது, மேலே இருக்கும் ஆகாயம் மன்னருடையது, ஆகையால் யாரையும் கேட்க வேண்டியதில்லை, யாருக்கும் எதுவும் தர வேண்டியதில்லை. வாய்க்காலில் சருகு விழும், அதனால் பக்கத்தில் மரம் நிற்கக் கூடாது. கரி படியும், அதனால் கீழே அடுப்பு எரியக் கூடாது.

அந்த வாய்க்கால் செங்கோடனின் தோப்புக்கு நேர் மேலே போனது. அந்த மனிதருக்கு இருந்தது அந்தத் தென்னந்தோப்பும் அதற்குள் ஒரு குடிசையும்தான். கல்யாணமான வருடம் அவரும் மனைவி பாவாயியும் நட்டு, குடம் குடமாகத் தண்ணீர் சுமந்து வளர்த்த மரங்கள், அப்போதுதான் பாளை விட்டுக் காய்க்கத் தொடங்கியிருந்தன. ஆட்கள் வந்து முதல் வரிசையை வெட்டிச் சாய்த்தார்கள். மீதியையும் சீக்கிரம் வெட்டுவோம் என்று சொல்லி, அடுப்பில் தண்ணீரை ஊற்றி அணைத்துவிட்டுப் போனார்கள். வாய்க்காலில் ஒழுகிய சொட்டைப் பிடிக்கப் பாவாயி ஒரு சட்டி வைத்தாள். ராஜாவின் தண்ணீரைத் திருடுகிறாயா என்று காவலன் சட்டியை உதைத்து உடைத்தான். வயிறு எரியாதா? சொல்லும்போது எனக்கே எரிகிறது.

இருவரும் அரண்மனை வாசலில் வந்து நின்று அழுதார்கள். ராஜா சுனைநீரில் கண்ணை மூடிக் குளிக்கும்போதெல்லாம் அந்த அழுகை காதில் விழுந்தது. “குளியலின் சுகமே போய்விட்டது” என்று முகம் சுளித்தார்.

மழவராயருக்கு விகடகவி கோணேரியின் மேல் வெகுநாள் வயிற்றெரிச்சல். இதுதான் சமயம் என்று, “மன்னா, அழுபவனைச் சிரிக்க வைப்பதற்குத்தானே கோணேரிக்குச் சோறு போடுகிறோம்?” என்றார்.

“நல்ல யோசனை!” என்றார் ராஜா. “கோணேரி, செங்கோடன் என் முன்னால் சிரித்துக்கொண்டே வந்து சம்மதம் சொல்ல வேண்டும். இல்லையேல் நீ இந்த நாட்டைவிட்டுப் போகலாம்.”

கோணேரி தோப்புக்குப் போய்த் தனக்குத் தெரிந்த வேடிக்கையெல்லாம் செய்து பார்த்தான்.

“ஏனுங்க, சிரிக்கறதுக்கு என்னங்க இருக்குது?” என்றார் செங்கோடன். “பெத்த புள்ளையாட்டம் வளத்த மரமுங்க. வெட்டட்டுமான்னு ஒரு வார்த்தை கேட்டாங்களா?”

பாவாயி பொறுக்கவில்லை. “அடுப்பு பத்த வெக்க முடியாம அவுல நனைச்சுத் தின்னுட்டு கெடக்கறோம். சிரிக்க வெக்க வந்தீங்களாக்கும்? எந்திரிச்சுப் போங்க!”

கோணேரிக்கு அழுகை வந்துவிட்டது. வெட்டிப் போட்ட மரத்தின் மேல் உட்கார்ந்து, தலைக்கு மேலே போகும் வாய்க்காலை அண்ணாந்து பார்த்தான்.

மறுநாள் சபையில், “மன்னா, குளிக்கும் நீர் வர வழி செய்தாயிற்று. குளித்த நீர் போக வழி வேண்டாமா?” என்று கேட்டான்.

“வேண்டும்தான். மழவராயர் வகுத்த விதிப்படியே செய்” என்றார் ராஜா.

அரண்மனைக்கு அடுத்த வீடு மழவராயரின் மாளிகை. கோணேரி இந்தப் பக்கத் தெருவில் ஒரு கம்பம், அந்தப் பக்கத் தெருவில் ஒரு கம்பம் நட்டான். ராஜா தேய்த்துக் குளித்த எண்ணெயும் சீயக்காயும் கலந்த தண்ணீர் மாளிகைக்கு மேலே ஓடத் தொடங்கியது. அன்று அங்கே விருந்து. கோணேரியின் ஆட்கள் உள்ளே போய் அடுப்புகளில் தண்ணீர் ஊற்றினார்கள், கொல்லையில் இருந்த மாமரத்தில் கோடரியை வைத்தார்கள். மழவராயர் தலையில் சீயக்காய் சொட்டச் சொட்டச் சபைக்கு ஓடி வந்தார்.

“அநியாயம் மன்னா! என் வீட்டுக்கு மேலே கொண்டுபோக என்னை ஒரு வார்த்தை கேட்க வேண்டாமா? மரத்துக்கு ஈடு தர வேண்டாமா? ஊரில் வேறு வழியே இல்லையா?”

“நிலம்தானே அமைச்சருடையது? ஆகாயம் மன்னருடையதாயிற்றே” என்றான் கோணேரி. “அவர் நிலத்தில் ஒரு கம்பம்கூட நான் நடவில்லை. மரமும் அடுப்பும் கூடாது என்பது அவரே வகுத்த விதி.”

ராஜா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். சபையும் சேர்ந்து சிரித்தது.

கோணேரி மட்டும் சிரிக்கவில்லை. “மன்னா, அமைச்சர் இப்போது கேட்ட மூன்றையும்தான் செங்கோடன் வாசலில் நின்று அழுது கேட்டார். அமைச்சருக்கு என்ன நியாயமோ அதையே அவருக்கும் வழங்குங்கள்.”

“அப்படியே ஆகட்டும்!” என்றார் ராஜா. வாய்க்கால் ஆற்றங்கரைப் புறம்போக்கு வழியாகத் திரும்பும், வெட்டிய மரங்களுக்கு ஈடு கிடைக்கும், இனிக் கேட்காமல் எவர் தலைக்கு மேலும் எதுவும் போகாது என்று உத்தரவு போட்டார். செங்கோடனையும் அழைத்தார். “எல்லாம் கொடுத்தாயிற்றே, இன்னும் ஏன் சிரிக்கவில்லை?”

செங்கோடன் கும்பிட்டார். “நல்லா இருப்பீங்க சாமி. வெட்டுன மரத்தையும் குடுத்தீங்கன்னா சிரிச்சுருவேனுங்க.”

ராஜாவின் வாயிலிருந்த சிரிப்பு அப்படியே நின்றது.

“ஆக, கோணேரி தோற்றான்! நாடு கடத்துங்கள்!” என்று மழவராயர் குதித்தார்.

“அவரைச் சிரிக்க வைத்து அழைத்து வா என்றீர்கள் மன்னா. எப்போது என்று சொல்லவில்லை” என்றான் கோணேரி. “வெட்டிய இடத்தில் புதுக்கன்று வைப்போம், அது காய்க்கட்டும். அன்றைக்கு அழைத்து வருகிறேன்.”

ராஜாவுக்கு மறுபடியும் சிரிப்பு வந்தது, ஆனால் முன்போலப் பெரிதாக வரவில்லை. தோளில் இருந்த சால்வையை எடுத்துக் கோணேரிக்குப் போர்த்தினார். கன்றுகளுக்கு ஊற்றச் சுனைநீரையே விடச் சொன்னார்.

அன்று சாயங்காலம் பாவாயி மறுபடி அடுப்பு மூட்டினாள். விறகுக்குப் பஞ்சமில்லை, வெட்டிய தென்னைகளின் மட்டை கொல்லை நிறையக் கிடந்தது. கோணேரியும் அவர்களோடு உட்கார்ந்து, அந்த அடுப்பில் காய்ச்சிய கஞ்சியைக் குடித்தான்.