தீர்த்தகிரி வாத்தியாருக்குப் படையல்

மலையடிவாரத்துத் தொழுநோயாளர் குடியிருப்பில் மாதம்மாள்தான் சமையல். விரல் போன கையில் கரண்டியைத் துணியால் கட்டிக்கொண்டு அறுபது பேருக்குக் கிண்டுவாள். இருபது வருஷம் பள்ளிக்கூடத்தில் பாடம் நடத்திவிட்டு, நோய் வந்து இங்கே சேர்ந்த தீர்த்தகிரி வாத்தியார், தன்னைவிடப் பத்து வயது சின்னவளான அவளைத்தான் குரு என்பார். என்ன சந்தேகம் வந்தாலும் அடுப்படிக்கு ஓடுவார்.

அன்று வந்தபோது முகத்தில் எள்ளும் கொள்ளும் வெடித்தது.

"அம்மா, ஊர்லேருந்து ஆள் வந்து சொல்றான். வீட்டுல எனக்குக் கருமாதியே பண்ணிட்டாங்களாம். இன்னைக்கு வருஷப் படையலாம். படத்துக்கு மாலை வேற."

"அட. என்ன சமைக்கிறாங்களாம்?"

"நான் என்ன சொல்றேன், நீங்க என்ன கேக்குறீங்க? நேர்ல போய் நிக்கப் போறேன். உயிரோட இருக்கேன்னு சொல்லணும்."

"போங்களேன்."

"போனா, அடுத்த மாசம் பொண்ணு கல்யாணம் நின்னுடும். மாப்பிள்ளை வீட்டுல நான் செத்துட்டேன்னுதான் சொல்லி வெச்சிருக்காங்க. போகலைன்னா நான் செத்தவன்தானே? என்னதான் பண்றது நான்?"

மாதம்மாள் கரண்டித் துணியை இறுக்கிக் கட்டிக்கொண்டாள்.

"உங்களுக்குப் பிடிச்சது எது, சொல்லுங்க."

"களியும் மொச்சைக் குழம்பும். அதைத்தான் என் வீட்டுக்காரி வெச்சிருப்பா," என்றார் வேண்டாவெறுப்பாக.

மதியம் குடியிருப்புக்கே அதுதான் சாப்பாடு. பக்கத்து இலையில் உட்கார்ந்த சவுரியப்பன் சும்மா இருப்பாரா?

"எனக்கு ஒன்பது வருஷமா வீட்டுல படைக்கிறாங்க வாத்தியாரே. அன்னைக்கு மாதம்மா இங்க அதிரசம் சுட்டுடும். இந்த விஷயத்துல நீங்க எனக்கு ஜூனியர்."

பந்தியே சிரித்தது. வாத்தியாருக்கும் சிரிப்பு வந்து தொலைத்தது. அதுவே அவருக்கு எரிச்சலாக இருந்தது.

அந்த நேரம் பார்த்துச் சுவர்மேல் ஒரு காக்கை வந்து உட்கார்ந்து கரைந்தது. பழக்க தோஷம், வாத்தியார் ஒரு உருண்டை களியை எடுத்து அதற்கு வைக்கப் போனார்.

மாதம்மாள் கரண்டியால் மறித்தாள். "யாருக்கு?"

"படையல்னா காக்காய்க்கு வைக்கணும்ல? செத்தவங்கதான் காக்காயா..." பாதியிலேயே நிறுத்திவிட்டார்.

"உயிரோட இருக்கேன்னு சொல்லணும்னீங்களே. அதுகிட்டச் சொல்லுங்க."

வாத்தியார் காக்கையைப் பார்த்தார். காக்கையும் அவரைப் பார்த்தது.

"என் பொண்ணு கல்யாணம் நல்லபடியா நடக்கட்டும். நீ வேற வீடு பாரு," என்று அதனிடம் சொல்லிவிட்டு, உருண்டையைத் தன் வாயில் போட்டுக்கொண்டார்.