படி தாழ்ந்த கதை

பூவிருந்தமங்கலத்து நீராடுநாதருக்கு ஆற்றுநீர் சுமந்து வந்தவர் மருதாசலனார் என்னும் அடியார். அதுதான் அவருக்குப் பிழைப்பு, அதுதான் பூசை. துறையில் நிரப்பிய குடத்தைத் தோளில் ஏற்றிவிட்டால், கருவறை முன்வாசற்படியைத் தாண்டிக் குருக்கள் கையில் கொடுக்கும்வரை கீழே வைக்கக் கூடாது. தரையில் வைத்த நீர் சுவாமிக்கு ஆகாது என்பது அவ்வூர் வழக்கம்.

ஒருநாள் காலை துறையிலேயே பக்கவாதம் அவரைச் சாய்த்துவிட்டது. இடக்கையும் இடக்காலும் மரக்கட்டையாகிப் போயின. கோயில் மணியக்காரர் வந்து பார்த்தார்.

"பாவம்யா, இனி ஒரு மூலையில உக்காந்து சிவசிவான்னு இரும். குடத்தை வேற ஆள் பாத்துக்குவான்."

அடியாருக்கு வந்ததே கோபம்! "என் சாமிய நான்தான் குளிப்பாட்டுவேன். வர்ற திருவாதிரைக்கு இந்தத் தோள்லதான் குடம் வரும்" என்றார். வாய் கோணியிருந்ததால் பாதிச் சொல் காற்றாகத்தான் வந்தது. மணியக்காரர் சிரித்துவிட்டார். "அன்னிக்கு வரலேன்னா இந்தப் பணி உமக்கு இல்ல" என்று சொல்லிவிட்டுப் போனார்.

நரம்பு வைத்தியம் பார்க்கும் அரியநாச்சி அம்மையாரை வரவழைத்தார்கள். அம்மாடி, அந்த அம்மையாருக்குத்தான் என்ன நாக்கு! "எண்ணெய் நான் தேய்ப்பேன். அசைய வேண்டியது நீங்கதான். படுத்துக்கிட்டே தேறிடலாம்னு நினைச்சா, நான் இப்பவே கிளம்புறேன்" என்றார். அடியாரை இடுப்பளவு ஆற்றில் நிறுத்தி, காலைத் தூக்கித் தூக்கி வைக்கச் சொன்னார். ஈரவேட்டி பிழிய வைத்தார், புளியங்கொட்டை பொறுக்க வைத்தார், கிணற்றுக் கயிற்றைச் சுருட்ட வைத்தார். விரல்கள் மறுத்தன, அடியார் விடவில்லை. வலி பொறுக்காமல் கண்ணீர் வழிந்தால் கோபுரத்தை நிமிர்ந்து பார்ப்பார். "எடுத்துக்கோ, இன்னிக்கு என்னால முடிஞ்ச அபிஷேகம் இவ்வளவுதான்!" என்பார். பிறகு வெறுங்குடம், அதன்பின் அரைக்குடம் என்று தோள் மெல்லப் பழகியது. காலை இழுத்து நடப்பதைத் தெருவில் சிலர் நடித்துக் காட்டிச் சிரித்தார்கள். "நல்லாப் பாத்துக்கோங்க, இந்த நடைதான் சாமிகிட்ட போகப் போகுது" என்று சொல்லிவிட்டு அவர் நடந்தார்.

திருவாதிரை வந்தது. நிறைகுடத்தோடு அடியார் ஆற்றுமணலைக் கடந்தார், தெருவைக் கடந்தார், கோயிலுக்குள்ளும் வந்துவிட்டார். அங்கேதான் வந்தது வினை. முன்வாசற்படி முழங்கால் உயரக் கல். மிதிக்கவும் கூடாது, தாண்ட வேண்டும். காலமெல்லாம் நினையாமலே தாண்டிய படியை அடியாரும் மறந்திருந்தார். உள்ளே வந்தறியாத அம்மையாருக்கோ அப்படியொன்று இருப்பதே தெரியாது. இடக்கால் அவ்வளவு உயரம் எழவில்லை. தோள் நடுங்கியது.

"கீழ வச்சிரும், பிடிவாதம் எதுக்கு?" என்றார் பின்னால் வந்த மணியக்காரர்.

அடியார் திரும்பவே இல்லை. உள்ளே இருந்தவனிடம் நேராகக் கேட்டார்: "காலைத் தூக்க நான் படாதபாடு பட்டுப் பழகிட்டேன். படியைத் தாழ்த்த நீ கொஞ்சம் பழகக் கூடாதா?"

கல் முனகியது. எல்லாரும் பார்த்துக்கொண்டிருக்க, படியின் இடப்பக்கம் மெல்லத் தரையோடு தரையாக இறங்கியது. அடியார் காலை இழுத்தபடியே தாண்டிப் போய்க் குடத்தைக் கொடுத்தார். குருக்கள் அதை வாங்கி அப்படியே சுவாமிக்கு அபிஷேகம் செய்தார். மணியக்காரர் நெடுஞ்சாண்கிடையாக விழுந்தார், சுவாமியை நோக்கியல்ல, அந்தக் காலை நோக்கி.

பின்னாளில் அந்தப் படியைச் சமன்செய்ய வந்த கல்தச்சரை ஊரார் தொடவே விடவில்லை. ஈசனையே இறங்கி வரச் சொல்லிக் கேட்டு நின்ற அந்த இழுத்த காலுக்கு நம் வணக்கம்.