இமயமலைக்கு அந்தப் பக்கம் மாப்பிள்ளை

இமயமலை உச்சியில் கடைசிக் கூடை மண்ணைக் கொட்டித் தட்டிவிட்டு ஏகாம்பரம் நிமிர்ந்தபோது, மலைக்கு அந்தப் பக்கம் வேன் வந்து நின்றது. அவர் மகளைக் கட்டப்போகும் மாப்பிள்ளை மாலையும் கழுத்துமாக இறங்கினான்.

மலை இடுப்பளவு இருந்தது. வடக்குத் தெருவைச் சுவருக்குச் சுவர் அடைத்திருந்தது.

பள்ளிக்கூட டீச்சர்தான் ஊர்த் தலைவர் வைரவனிடம் சொல்லிவிட்டுத் தன் ஊருக்குப் போயிருந்தார். "திங்கட்கிழமை கண்காட்சி. உலகத்து மலைத்தொடர் எல்லாம் அதது இருக்கவேண்டிய இடத்துல இருக்கணும். பசங்களுக்கு ஒத்தாசை பண்ணுங்க." அட்டையும் பசையும் மேசைமேல் இருந்தன. நெடும்பள்ளத்து ஊர்க்காரர்கள் அவற்றைத் தொடவில்லை. மண்வெட்டியை எடுத்தார்கள்.

"நம்ம ஊரு இந்தியாவுலதானே இருக்கு?" என்று கேட்டார் வைரவன். யாரும் மறுக்கவில்லை. "இந்தியாவுக்கு வடக்கே இமயமலை. அப்ப வடக்குத் தெரு."

யூரல் மலை ஐரோப்பாவையும் ஆசியாவையும் பிரிப்பது என்று புத்தகத்தில் இருந்தது. அண்ணனும் தம்பியும் சேர்ந்திருந்த ஒரு வீட்டின் நடுக்கூடத்தில் அதை எழுப்பினார்கள். நேற்றிலிருந்து தம்பி ஐரோப்பாவில் பட்டினி. அடுப்படி ஆசியாவில் இருந்தது.

ஆண்டிஸ் தென் அமெரிக்காவின் மேற்கு ஓரமாக நெடுக ஓடுவது. கேட்க நாதியில்லாத வெள்ளையம்மாளின் கத்தரித் தோட்டத்தில் அது நெடுக ஓடியது. ராக்கி மலை வைரவனின் நெற்களத்தில் வரவேண்டியது. "வட அமெரிக்காவுல இப்ப போரடி நடக்குது. அறுப்பு முடியட்டும்," என்று தள்ளிப்போட்டார் அவர்.

மாப்பிள்ளையின் தாய்மாமன் வேட்டியை மடித்துக் கட்டினார். "ஒரு எட்டு வச்சா வந்துடுவோம் சம்பந்தி. பத்து மணிக்குள்ள தாலி ஏறணும்."

"காலை எடும்யா!" வைரவன் அலறினார். "அது இமயமலை. கம்பளி இல்லாம ஏறினா மாப்பிள்ளை விறைச்சுப் போவார்."

"வெயில் மண்டையைப் பிளக்குதே!"

"அது அடிவாரத்துல. உச்சியில பனி."

ஆரத்தித் தட்டோடு நின்ற பெண்கள், உச்சிக் காற்றில் கற்பூரம் நிற்காது என்றார்கள். ஆரத்தி எடுக்காமல் மாப்பிள்ளை ஊருக்குள் கால் வைப்பது அந்தப் பக்கத்தில் வழக்கமில்லை.

"ஆண்டிஸ் வழியா சுத்தி வரட்டுமா?" என்றார் ஏகாம்பரம்.

"நடுவுல கடல் கெடக்கு. கப்பலுக்கு எங்க போவீரு?"

"ஓரமா கொஞ்சம் வெட்டிவிட்டா?"

"வெட்டிவிட்டா? டீச்சர் வந்து இமயமலை எங்கன்னு கேட்டா, உம்ம சம்பந்தியைக் காட்டவா?"

ஏகாம்பரத்தின் மகளுக்கு ஏற்கெனவே வந்த இரண்டு வரன்கள் இந்த ஊரைப் பார்த்த கையோடு திரும்பிப் போயிருந்தன. தாய்மாமன் கடிகாரத்தைப் பார்த்துவிட்டு வேன் கதவைத் திறந்தார்.

ஊர் கூடிப் பேசி முடிவெடுத்தது. டவுனுக்கு ஆள் அனுப்பிக் கம்பளிக் கோட்டு வாங்கிவிடலாம்.

"அளவு?" என்றார் சைக்கிளில் ஏறி உட்கார்ந்திருந்தவர்.

மலைக்கு அந்தப் பக்கம் நிற்பவரின் அளவை எப்படி எடுப்பது?

"போன் போட்டுக் கேப்பமா?"

"இவ்வளவு பெரிய மலை மறைக்கையில டவர் எப்படிய்யா கிடைக்கும்?"

ஏகாம்பரத்துக்குப் பொறுக்கவில்லை. விறுவிறுவென்று மலையைத் தாண்டிப் போய், வேன் கதவைப் பிடித்துக்கொண்டு, "சித்த இருங்க சம்பந்தி, கம்பளி வந்துடும்," என்று கெஞ்சினார். மாப்பிள்ளையின் தோளைத் துண்டால் அளந்து முடிச்சுப் போட்டுக்கொண்டு, திரும்பத் தாண்டி வந்து, துண்டைச் சைக்கிள்காரரிடம் கொடுத்தார்.

"ரெண்டு விரக்கடை கூட்டியே வாங்கு. பனியில சுருங்கும்."